கோடு மட்டும் போட்ட கதவு

தூள் மறுபடியும் விழுந்திருந்தது.

காலையில் வந்ததும் வராததுமாக அவள் அதை மெல்லிய தூரிகையால் ஒதுக்கி, உள்ளங்கையில் வாங்கி, குப்பைக்கூடையில் தட்டியிருந்தாள். மதியச் சாப்பாடு முடிந்து வந்து பார்த்தால் அதே இடத்தில் அதே மாதிரி ஒரு சிட்டிகை வெள்ளைத் தூள். பழைய குடியிருப்பின் மேல்மாடி நடைவழியில், வலது ஓரத்து வீட்டுக் கதவுக்கு நேர் முன்னால். பக்கத்து வீட்டு வாசல் சுத்தமாக இருந்தது. கீழ்மாடிகளும் சுத்தமாக இருந்தன.

நிஜக் குடியிருப்பு அல்ல. அட்டையில் அவள் கையால் வெட்டி ஒட்டியது, ஒரு சாண் உயரம்கூட வராது. அந்த மையத்தின் நடுக்கூடத்தில், பெரிய மேசை முழுக்க, சுற்றுவட்டாரத் தெருக்கள் நாலைந்தை அப்படியே சிறிதாக்கி வைத்திருந்தார்கள். கட்டடங்களையும் தெருக்களையும் பற்றிப் பொறியாளர்களும் அதிகாரிகளும் மட்டும் பேசினால் போதாது, அங்கே நடக்கிறவர்களும் குடியிருக்கிறவர்களும் வாய் திறக்க வேண்டும் என்பதற்காக நடக்கும் மையம் அது. லாபம் என்ற பேச்சே கிடையாது. நல்ல மனசுள்ள சிலர் கொடுப்பதில் ஓடுகிறது, சில மாதம் நொண்டுகிறது. வருகிறவர்கள் மேசையைச் சுற்றி நின்று, பள்ளிக்கூட வாசலில் நிழல் இல்லை, பேருந்து நிற்கிற இடத்தில் உட்கார வழியில்லை என்று ஆளுக்கொரு குண்டூசியைக் குத்திவிட்டு, பக்கத்தில் நிற்பவரோடு சண்டையும் போட்டுவிட்டுப் போவார்கள். அந்தச் சண்டையைக் கிளப்புவதுதான் மையத்தின் வேலை. மேசையைச் செய்ததும் பார்த்துக்கொள்வதும் அவள் வேலை.

"பூச்சியாத்தான் இருக்கும்," என்றார் மையத்தின் இயக்குநர். நரைத்த தலையும் எப்போதும் அவசரமுமாக இருக்கும் அந்த அம்மாள், போகிற போக்கில் குனிந்து பார்த்துவிட்டுச் சொன்னார். "நாளைக்கு எடுக்கத்தானே போறோம், விடுங்க."

சொன்ன பிறகுதான் யாரிடம் சொன்னோம் என்று உறைத்ததுபோல அவர் குரல் தாழ்ந்தது. "நீங்களே எடுக்குறீங்களான்னு அன்னைக்கே கேட்டேன். இப்பவும் ஒண்ணும் கெட்டுப்போகல. கீழ் வீட்டு வாத்தியார்கிட்ட நான் பேசிக்கிறேன்."

"வேண்டாம் மேடம். அவரே எடுக்கட்டும். அத்தனை பேர் முன்னாடி என்னால முடியாது."

மையத்தில் ஒரு வழக்கம் உண்டு. வெளியே ஒரு கட்டடத்தை இடித்துவிட்டால் மேசையிலிருந்தும் அதை எடுத்துவிட வேண்டும். ஆனால் மையத்து ஆட்கள் கை வைக்கக் கூடாது. அங்கே குடியிருந்த ஒருவர், கூட்டத்துக்கு நடுவில், இரண்டு கைகளாலும் தூக்கி எடுத்து, விருப்பப்பட்டால் வீட்டுக்கே கொண்டுபோகலாம். சிலர் சிரித்துக்கொண்டே எடுப்பார்கள். சிலர் எடுத்துவிட்டு எங்கே வைப்பது என்று தெரியாமல் கையில் ஏந்தியபடியே நிற்பார்கள். அதற்குப் பிறகுதான் அந்தக் காலி இடத்தில் என்ன வரலாம் என்ற பேச்சு ஆரம்பிக்கும். பழைய குடியிருப்பை இந்த மாதம்தான் இடித்து முடித்திருந்தார்கள். நாளைக் காலை கூட்டம்; எடுக்கப்போவது அங்கே கீழ் வீட்டில் குடியிருந்த வாத்தியார்.

இயக்குநர் அவள் தோளை லேசாகத் தொட்டுவிட்டுப் போனார். அவள் மேசைக்கு முன்னால் மண்டியிட்டுத் தூளைப் பார்த்தாள். பூச்சி அரித்தால் குருணை குருணையாக விழும். எத்தனை அட்டையைப் பூச்சிகள் அரித்துக் கொட்டியிருக்கின்றன, அவளுக்குத் தெரியாதா? இது மாவு. ஒரே இடத்தை விடாமல் தேய்த்தால் மட்டுமே அட்டை இப்படி மாவாகும். கதவுக் கோட்டைத் தவிர வெளிப்பக்கச் சுவரில் ஒரு கீறல்கூட இல்லை. தேய்ப்பது எதுவானாலும் அது உள்ளே இருந்தது.

உள்ளே என்ன இருக்கிறது என்பது அவள் ஒருத்திக்குத்தான் தெரியும்.

மேசையில் இருந்த மற்றக் கட்டடங்கள் எல்லாம் வெற்றுப் பெட்டிகள். நாலு சுவர், ஒரு கூரை, உள்ளே காற்று. இந்த ஒன்றை மட்டும் அவள் அப்படிச் செய்யவில்லை. ஒரு வாரக் காய்ச்சலில் மகள் போய், சொந்தக்காரர்கள் எல்லாம் வந்து அழுது ஓய்ந்து, அவள் வேலைக்குத் திரும்பிய நாட்கள் அவை. யாரும் அவள் முகத்தைப் பார்த்துப் பேசத் துணியவில்லை. அடுத்து செய்ய வேண்டிய கட்டடம் என்று மேசையில் காத்திருந்தது அவர்கள் குடியிருந்த அதே குடியிருப்பு. விதி சிரிப்பதற்கு நேரம் காலம் பார்ப்பதில்லை. மேல்மாடி வலது ஓரத்து வீட்டை மட்டும் அவள் உள்ளேயும் கட்டினாள். சுவருக்கு அதே மஞ்சள். ஜன்னலோரம் கட்டில். கட்டிலில் போர்வையாக ஒரு துண்டு மெல்லிய காகிதம். அதன்மேல், சுண்டுவிரல் நகம் அளவில், இரட்டைச் சடையும் நீலச் சட்டையுமாக ஒரு பெண் குழந்தை. கூரையைப் பசை வைத்து ஒட்டிய பிறகு அவள் நீண்ட நாளைக்கப்புறம் தூங்கினாள். குழந்தைக்கு ஏழு வயது. வீட்டில் கூப்பிடும் பெயர் சுண்டு.

செய்தபோது கை தன் பழக்கத்தில் போனது, அவளும் தடுக்கவில்லை. இந்த வேலையில் கதவுகளைத் திறப்பாக வெட்டுவதில்லை. கத்தி முனையால் சுவரில் செவ்வகமாக ஒரு கோடு கீறினால் அதுதான் கதவு. பொம்மை மனிதர்களுக்கு முகம் வைப்பதுமில்லை. முகம் வைத்தால் பார்க்கிறவர்கள் மனிதரைப் பார்ப்பார்கள், கட்டடத்தைப் பார்க்க மாட்டார்கள். அதனால் சுண்டுவின் சடை நுனியில் ரிப்பன்கூட வைத்தவள், முகத்தை உப்புத்தாளால் தேய்த்து வழவழப்பாக விட்டிருந்தாள். கோடு மட்டும் போட்ட கதவுக்குப் பின்னால் படுக்க வைத்து மூடியிருந்தாள்.

நாளைக்கு வாத்தியார் தூக்கும்போது உள்ளே ஏதாவது உருளும். நல்ல மனுஷர், காதருகே வைத்து ஆட்டிப் பார்ப்பார். பிறகு வீட்டுக்குக் கொண்டுபோய் எந்த அலமாரி மேலோ வைப்பார். சுண்டு ஒரு அந்நிய வீட்டில், தூசியில், இருட்டில் இருப்பாள். இன்றைக்கு எல்லோரும் போன பிறகு கூரையைத் திறந்து குழந்தையை எடுத்துக்கொண்டு போய்விடுவது என்று முடிவு செய்தாள்.

சாயங்காலம் ஒவ்வொருவராகக் கிளம்பினார்கள். கடைசியாகப் போன இயக்குநர் பாதிப் படியில் திரும்பி, "ரொம்ப நேரம் இருக்காதீங்க," என்றார். வாசல் காவலாளி சாவிக்கொத்தோடு மேலே வந்து எட்டிப் பார்த்தார். போன மாதம்தான் வேலைக்குச் சேர்ந்தவர், கலகலப்பான ஆள்.

"இன்னும் கிளம்பலயா மேடம்? கைய கால ஆட்டிக்கிட்டே இருங்க. இந்த லைட்டு இருக்கே, நாம அசையலன்னா நாம செத்துட்டோம்னு நெனச்சு அணைஞ்சிடுது. நேத்து கக்கூஸ்ல உக்காந்திருக்கேன், பொசுக்குனு இருட்டு!"

அவள் சிரித்தாள். சிரிக்க வேண்டிய இடம் என்று தெரிந்ததால் சிரித்தாள். அவர் படியிறங்கும் சத்தம் கீழே தேய்ந்து, வாசல் இரும்புக் கதவு ஒருமுறை முனகி அடங்கியது.

ஆள் இல்லாத கூடம் வேறு மாதிரி இருந்தது. பகலெல்லாம் பேச்சில் மூழ்கிக் கிடந்த சின்னச் சின்னச் சத்தங்கள் இப்போது தலைதூக்கின. தண்ணீர்க் குழாயில் எங்கோ ஒரு சொட்டு, கூரை விசிறி நின்ற பிறகும் அதன் தண்டில் ஒரு கிறுக், ஜன்னலுக்கு வெளியே தெருவில் போகும் வண்டிகள். அட்டையும் பசையும் கலந்த வாசனை, பகலைவிடக் கனமாக, மூக்குக்குக் கீழேயே நின்றது. மேசை விளக்கின் வெளிச்சத்தில் அட்டை வீடுகள் தெருவில் நீள நீளமாக நிழல் போட்டிருந்தன. பழைய குடியிருப்பின் நிழல்தான் எல்லாவற்றிலும் நீளம்.

கைபேசி ஒலித்தது. கணவன்.

"வேலை இருக்கா இன்னும்?"

"கொஞ்சம். நாளைக்குக் கூட்டம் இருக்குல்ல. நீங்க சாப்பிட்டுடுங்க."

அவன் வைக்கவில்லை. பிறகு, சொல்லலாமா வேண்டாமா என்று பல நாள் வைத்திருந்ததைச் சொல்வதுபோலச் சொன்னான். "ஒண்ணு கேக்கட்டா? அவ முகம் உனக்கு ஞாபகம் வருதா? போட்டோ இல்லாம. கண்ண மூடினா எனக்கு வர மாட்டேங்குதுமா. சட்டை வருது, சடை வருது. முகம் இருக்குற எடத்துல ஒண்ணுமே இல்ல."

அவள் கண்களை மூடினாள். சட்டை வந்தது. சடை வந்தது.

"எனக்கு வருது," என்றாள். "நீங்க தூங்குங்க."

கைபேசியை மேசையில் வைத்துவிட்டு அப்படியே உட்கார்ந்திருந்தாள். பொய் சொன்னதுகூட உறுத்தவில்லை. அது பொய்யாக இருந்ததுதான் உறுத்தியது. பெற்றவளுக்கே முகம் மறந்துபோகுமா? போயிருந்தது. அசையாமல் உட்கார்ந்திருந்ததால், காவலாளி சொன்னபடியே, விளக்கு பொசுக்கென்று அணைந்தது. மேசை விளக்கும் அதோடு சேர்ந்த இணைப்புதான். கூடம் மொத்தமும் இருண்டது.

ஆட்டுவதற்காக அவள் கையைத் தூக்கப்போனபோது சத்தம் கேட்டது.

தப். தப்.

மிக மெல்லியது. மேசைமேல் காதை வைத்தால் மட்டுமே கேட்கக்கூடிய அளவு. ஆனால் அவள் காதை வைக்க வேண்டியிருக்கவில்லை, இருட்டில் அது அவளுக்கு நேராக வந்தது.

தப். தப். தப்.

விரல் கணுவால் தட்டும் சத்தம் அல்ல. உள்ளங்கையால் தட்டுவது. இரண்டு உள்ளங்கைகளாலும். அவள் வேலை முடிந்து படியேறும் சத்தம் கேட்டாலே சுண்டு ஓடிவந்து கதவுக்கு உள்பக்கம் நின்றுகொள்வாள். பூட்டைத் திறக்கிற வரைக்கும் இரண்டு கையாலும் தட்டுவாள். அப்பா உள்ளேயிருந்து அதட்டினாலும் நிற்காது. "யாருங்க வீட்டுல?" என்று இவள் வெளியிலிருந்து கேட்க வேண்டும். "யாருமில்ல!" என்று உள்ளேயிருந்து பதில் வரும். பிறகுதான் கதவைத் திறக்கலாம். தினமும் நடக்கும் கூத்து அது.

அவள் கை தானாக உயர்ந்தது. விளக்கு எரிந்தது. சத்தம் நின்றது.

நடைவழியில், கதவுக் கோட்டுக்கு முன்னால், புதிதாக ஒரு சிட்டிகைத் தூள். கோட்டின் கீழ் விளிம்பிலிருந்து இன்னும் உதிர்ந்துகொண்டிருந்தது.

ஓடிவிட வேண்டும் என்றுதான் உடம்பு சொன்னது. ஆனால் கால் நகரவில்லை. ஓடினால் நாளைக்கு அந்தப் பெட்டி வேறொருவர் கையில் இருக்கும். அவள் கத்தியை எடுத்தாள். அலகைக் கூரையின் விளிம்புக்குள் விட்டு, ஒட்டிய பசையைச் சுற்றிச் சுற்றி அறுத்தாள். அவசரத்தில் சுவரில் இரண்டு இடத்தில் வெட்டு விழுந்தது, இத்தனை வருட வேலையில் அவள் அப்படி வெட்டியதில்லை. கூரை கையோடு வந்தது. உள்ளேயிருந்து மூடிக்கிடந்த காற்று முகத்தில் அடித்தது. அந்த ஒரு வாரக் காய்ச்சல் அறையின் வாசனை. மருந்தும் வியர்வையும்.

கட்டில் காலியாக இருந்தது.

போர்வை ஒதுங்கிக் கிடந்தது. பசை வைத்து ஒட்டிய இடத்தில் காகித நார் பிய்ந்திருந்தது. அங்கிருந்து கதவு வரை தரை அட்டையில் பிசுபிசுவென்று சின்னச் சின்னத் தடங்கள். கதவருகே, சுவரோடு ஒட்டி, முதுகைக் காட்டிக்கொண்டு, சுண்டு நின்றிருந்தாள்.

நெற்றியைச் சுவரில் முட்டுக் கொடுத்திருந்தாள். இரண்டு கைகளும் மேலே தூக்கியிருந்தன. கைகள் மணிக்கட்டோடு முடிந்துவிட்டன. அதற்கு மேலே இருந்ததெல்லாம் தேய்ந்து தூளாகியிருந்தது. கைகள் படும் இடத்தில் அட்டை காகிதமாக மெலிந்து, அதன் வழியாக மேசை விளக்கின் வெளிச்சம் உள்ளே கசிந்தது.

பயத்தைவிட அழுகைதான் அவளுக்கு முதலில் வந்தது. வாயைப் பொத்திக்கொண்டு அழுதாள். இத்தனை நாளும் சுண்டு இங்கேதான் நின்றிருக்கிறாள். கூடத்தில் அம்மா வரும் சத்தமும் போகும் சத்தமும் தினமும் கேட்டிருக்கிறது. கூப்பிட வாய் இல்லை. திறக்கக் கதவு இல்லை. கையால் தட்டியிருக்கிறாள், கை தீரும் வரை தட்டியிருக்கிறாள்.

இடுக்கி பக்கத்திலேயே இருந்தது. அதில் பிடித்துத் தூக்க அவளுக்கு மனசு வரவில்லை. குழந்தை கேட்டது கதவைத்தானே. "இருடா. இதோ, இதோ திறக்குறேன்," என்றாள். சுவரின் வெளிப்பக்கம், தான் கீறிய கோட்டிலேயே கத்தியை வைத்தாள். மேலே ஒரு வெட்டு. பக்கவாட்டில் ஒன்று. கீழே ஒன்று. அட்டைக் கதவைக் கத்தி முனையால் வெளியே நெம்பினாள். திறந்தது.

சுண்டு அசையவில்லை. அம்மாவும் மகளும் எதிரெதிரே அப்படியே இருந்தார்கள். நெடுநேரம்.

விளக்கு அணைந்தது.

காகிதம் காகிதத்தில் உரசும் சத்தம். ஒரு படி. இன்னொரு படி. வேகமாக. பிறகு தூரமாக. அவள் இரண்டு கைகளையும் வீசினாள். முதல் வீச்சில் எரியவில்லை. மறுபடி வீசினாள்.

வெளிச்சம் வந்தபோது அறை காலி.

வெளிப்பக்கத்து அட்டை மாடிப்படி நெடுக வெள்ளைத் தூள். படியிறங்கி, வாசலைக் கடந்து, தெருவில் இழைந்து போயிருந்தது. பள்ளிக்கூடத்தைத் தாண்டி. பேருந்து நிற்கும் இடத்தைத் தாண்டி, குண்டூசிகளுக்கு நடுவே வளைந்து வளைந்து. மேசையின் மறு ஓரத்தில் ஒரு வெள்ளைக் கட்டடத்தின் முன்னால் தூள் முடிந்தது. அந்தக் கட்டடத்தையும் அவள்தான் செய்திருந்தாள். இந்த மையம்தான் அது.

மேசைத் தொலைபேசி அலறியது.

"மேடம், வாசல்லேர்ந்து பேசுறேன்." காவலாளியின் குரல் எப்போதும்போல உற்சாகமாக இருந்தது. "உங்க பாப்பா வந்திருக்கு. மேல அனுப்பிட்டேன்."

அவள் கண் மேசையில் தூள் முடிந்திருந்த இடத்துக்குப் போனது.

"தனியா வந்திருக்கு மேடம், இந்நேரத்துல. யாரப் பாக்கணும்னு கேட்டேன். வாயே தொறக்கல. உங்க ஜன்னலப் பாத்துக் கையத் தூக்கிக் காட்டுச்சு. பாவம், குளிருதுபோல, கைய சட்டைக்குள்ள இழுத்துக்கிட்டு நின்னுச்சு. மேலெல்லாம் மாவு கொட்டினாப்ல வெள்ள வெளேர்னு. எங்கயோ விளையாடிட்டு வந்திருக்கு."

"அண்ணே." அவள் குரல் அவளுக்கே கேட்கவில்லை. "முகத்தப் பாத்தீங்களா?"

"லைட்டு அதுக்குப் பின்னாடி இருந்துச்சு, சரியாத் தெரியல. ஏன் மேடம்?"

அவள் தொலைபேசியை வைத்துவிட்டாள்.

கூடத்தின் கதவு கண்ணாடி. கீழ்ப்பாதியில் பால்நிறத் தாள் ஒட்டியது. மேல்பாதி வழியாக வெளியே நடைவழி தெரிந்தது, இருட்டாக. கோடியில் படிக்கட்டு. அங்கே ஒரு விளக்கு எரிந்தது. ஆள் தெரியவில்லை. அடுத்த விளக்கு எரிந்தது. அதன் கீழேயும் ஆள் இல்லை. தாளின் உயரத்துக்குக் கீழே நடக்கிற யாரோ. அடுத்தது. ஓடவில்லை. மெதுவாக, வழி தெரிந்த நடை. கதவுக்கு மேலே இருந்த கடைசி விளக்கு எரிந்தது.

பால்நிறத் தாளில் ஒரு நிழல். சின்னது. இரண்டு பக்கமும் சடை.

தப். தப். தப்.

கண்ணாடி அதிர்ந்தது. உள்ளங்கை இல்லாத கைகள். மழுங்கிய சத்தம்.

அவளுக்குத் தெரிந்திருந்தது. கதவுக்கு அந்தப் பக்கம் நிற்பது என்ன என்று அவளைவிட நன்றாக யாருக்குத் தெரியும்? அவள் கை செய்தது. திறக்கக் கூடாது என்று உடம்பின் ஒவ்வொரு மயிர்க்காலும் சொன்னது. ஆனால் தட்டுவது அவள் பிள்ளை. கதவுக்கு அந்தப் பக்கம் பிள்ளை நிற்க, இந்தப் பக்கம் சும்மா நிற்க எந்தத் தாயால் முடியும்? நடந்துபோய்க் கதவில் நெற்றியை வைத்தாள்.

"யாருங்க?"

பதில் இல்லை. தட்டுவது நின்றது. காத்திருந்தது.

திறந்தாள்.

ஏழு வயதுக் குழந்தையின் உயரம். அதே நீலச் சட்டை, அட்டையின் மங்கல் நீலத்தில். சடை நுனியில் ரிப்பன். சடைக்கு நடுவில் முகம் இருக்க வேண்டிய இடம் வழவழப்பாக, வெள்ளையாக, உப்புத்தாள் ஓடிய தடத்தோடு இருந்தது. அது அவளை நோக்கி நிமிர்ந்தது. தலை ஒரு பக்கமாகச் சாய்ந்தது. சுண்டு சாய்ப்பாள், இப்படித்தான், வலது பக்கம்.

அவள் முழந்தாளிட்டு அணைத்துக்கொண்டாள். கனமே இல்லை. தலைமுடியில் தேங்காயெண்ணெய் வாசனை இல்லை, பசை வாசனை. குளிர்ந்திருந்தாள். அப்படியும் விடவில்லை. "வந்துட்டியா? வந்துட்டியா என் தங்கம்?" என்று திரும்பத் திரும்பக் கேட்டாள். குழந்தை தன் மொட்டைக் கையால் அம்மாவின் வலது கையைத் தேடி, தள்ளித் தள்ளி மேலே கொண்டுவந்து, தன் வெறும் முகத்தின்மேல் வைத்துக்கொண்டது. அழுத்தியது. எடுக்கவிடாமல் அழுத்தியது.

என்ன கேட்கிறாள் என்று புரிய நேரம் ஆகவில்லை. அம்மாக்களுக்குப் புரியும்.

தூக்கிக்கொண்டு போய் வேலை மேசையின்மேல் உட்கார வைத்தாள். விளக்கை இழுத்துத் தாழ்த்தினாள். கைபேசியில் புகைப்படத்தைத் திறந்து, பசைக் குப்பியில் சாய்த்து நிறுத்தினாள். படத்தில் சுண்டு சிரித்துக்கொண்டிருந்தாள். எந்தக் கட்டடத்தைச் செய்ய ஆரம்பித்தாலும் அவள் இப்படித்தான் படத்தைப் பக்கத்தில் வைத்துக்கொள்வாள். மென்பென்சிலால் அளந்து புள்ளி வைத்தாள். கண்ணுக்கு இரண்டு. மூக்குக்கு ஒன்று. வாய்க்கு ஒரு வளைகோடு. பென்சில் படும்போதெல்லாம் குழந்தை கூச்சத்தில் தோளைக் குறுக்கியது.

"வலிக்காது. ஆடாம இருக்கணும், சரியா?"

ஆடாமல் இருந்தது. முகத்தை விளக்குக்கு நேராக, நம்பிக்கையாக, நிமிர்த்தி வைத்துக்கொண்டது.

முதலில் கண்ணைத்தான் திறக்க வேண்டும், முறையாகப் பார்த்தால். ஆனால் அவளுக்குக் குரல் வேண்டும். ஒரே ஒருமுறை அம்மா என்று கேட்டுவிட்டால் போதும், பிறகு என்ன ஆனாலும் ஆகட்டும். கத்தி முனையை வாய்க்கோட்டின் இடது நுனியில் வைத்தாள். கை இப்போது பிசகவில்லை. அழுத்தி, மெதுவாக, வளைவோடு போய், வலது நுனியில் எடுத்தாள். சுத்தமான வெட்டு. அலகு முனையால் நெம்பினாள். உதடுகள் பிரிந்தன.

உள்ளே இருட்டு. மூச்சு வரவில்லை. அம்மா என்று வரவில்லை.

அவள் குனிந்து காதை அந்த வாயருகே வைத்தாள்.

தப். தப். தப்.

உள்ளே வெகு ஆழத்திலிருந்து வந்தது. இரண்டு சின்ன உள்ளங்கைகள், மூடிய எதன்மேலோ, விடாமல்.

மேசைமேல் இருந்த அது, வெட்டிய வாயால் புகைப்படத்தில் உள்ளதுபோலவே சிரித்தபடி, ஆடாமல், முகத்தை அவளுக்குக் காட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தது. உள்ளே தட்டுவது வேகமாயிற்று.

"இருடா, அம்மா இங்கதான் இருக்கேன்," என்றாள். மழுங்கிய அலகைக் கழற்றிவிட்டுப் புதிய அலகை மாட்டினாள்.